பிரம்படியும் ஈட்டிக் காயமும்

கிரேக்கத் தெய்வங்களைப் பற்றி நம்மவர்கள் எழுதும்போது பெரும்பாலும் இரண்டு வழிகளில் ஒன்றைப் பிடித்துக்கொள்கிறார்கள். ஸியூஸ் என்றால் இந்திரன், அதீனா என்றால் கலைமகள், ஈராஸ் என்றால் மன்மதன் என்று ஒரு ஜாபிதா போட்டுக் கொடுத்துவிட்டு நகர்ந்துவிடுவது ஒரு வழி. அந்தத் தெய்வங்களின் நடத்தையைக் கண்டு முகம் சுளித்து, 'இவையும் தெய்வங்களா?' என்று கேட்டுவிட்டு நம் புராணங்களின் பெருமைக்குத் திரும்பிவிடுவது மற்றொரு வழி. இரண்டிலும் எனக்குத் திருப்தி இல்லை. ஜாபிதா போடுகிறவர் அவர்களுடைய கதையைப் படிக்கவில்லை. முகம் சுளிக்கிறவர் நம்முடைய கதையையே சரியாகப் படிக்கவில்லை.

நான் கிரேக்க மொழி அறியாதவன். கல்லூரியில் இரண்டு வருஷம் இருந்ததில் எனக்கு மிஞ்சிய லாபம் ஆங்கிலத்தில் கதை படிக்கும் பழக்கம் ஒன்றுதான். ஈ. வி. ரியூ ஆங்கில வசனத்தில் பெயர்த்த 'ஒடிஸி'யையும் (1946) 'இலிய'டையும் (1950) நாவல் படிப்பதுபோலத்தான் படித்தேன். ஆகவே பண்டிதர் பார்க்கும் பார்வை இதில் கிடையாது. கதை எழுதிப் பிழைக்கும் ஒருவன், 'இந்தப் பாத்திரம் எப்படி நிற்கிறது?' என்று பார்க்கும் பார்வைதான் இருக்கிறது.

இலியட்டின் ஐந்தாம் காண்டத்தில் ஒரு கட்டம். அப்ரோடைட் என்னும் காதல் தெய்வம், போர்க்களத்தில் அடிபட்டுக் கிடக்கும் தன் மகன் ஈனியஸைத் தூக்கிக்கொண்டு ஓடப் பார்க்கிறாள். டயோமிடிஸ் என்ற மானிட வீரன் துரத்திப் போய் அவள் மணிக்கட்டில் ஈட்டியால் குத்திவிடுகிறான். அவள் மகனையே கீழே போட்டுவிட்டு அலறுகிறாள். (பிள்ளையை அப்பல்லோ தாங்கிக்கொள்கிறான்.) காயத்திலிருந்து வருவது நம் ரத்தம் போன்றதல்ல, சோறும் மதுவும் உண்ணாத தேவர்களின் உடலில் ஓடும் வேறொரு நீர் அது. ஆனால் வலி நம் வலிதான். வானுலகம் போய்த் தன் தாய் டயோனியின் மடியில் விழுந்து அழுகிறாள். தாய் அந்த நீரைத் துடைத்துவிட்டு, 'உனக்கு மட்டுமா? மனிதர்களால் அடிபட்ட தேவர்கள் எத்தனை பேர்!' என்று ஒவ்வொருவர் கதையாகச் சொல்லித் தேற்றுகிறாள். பக்கத்தில் நிற்கும் அதீனா சும்மா இருப்பாளா? எந்தக் கிரேக்கப் பெண்ணையோ மயக்கப் போன இடத்தில் அவளுடைய உடை ஊசி இவள் கையைக் கீறியிருக்கும் என்று நையாண்டி செய்கிறாள். ஸியூஸ் புன்னகை புரிந்து, 'அம்மா, யுத்தம் உன் வேலை இல்லை. கல்யாண காரியங்களைப் பார்' என்கிறான்.

ஒரு கூட்டுக் குடும்பத்தின் பின்கட்டில் நடப்பது போல இல்லையா? அடிபட்ட மகள், தேற்றும் தாய், குத்திக் காட்டும் இன்னொரு பெண், நடுவே எதற்கும் பிடி கொடுக்காத தகப்பன். எனக்கு இந்தக் கட்டத்தைப் படிக்குந்தோறும் நம் மதுரைப் பிரம்படிதான் நினைவுக்கு வரும்.

திருவிளையாடற் புராணத்தில் பிட்டுக்கு மண் சுமந்த கதையைத் தமிழ் வாசகருக்கு நான் சொல்ல வேண்டியதில்லை. வந்திக் கிழவியின் உதிர்ந்த பிட்டைக் கூலியாகப் பெற்றுக்கொண்டு வைகைக் கரையை அடைக்க வந்த கூலியாள், மண்ணைச் சுமப்பதை விட்டு ஆடுகிறான், பாடுகிறான், தூங்குகிறான். பாண்டியன் பிரம்பால் முதுகில் ஒன்று வைக்கிறான். அந்த அடி எங்கே விழுந்தது? பாண்டியன் முதுகில் விழுந்தது. அவன் தேவியர் முதுகில் விழுந்தது. அமைச்சர், குதிரை, யானை, சூரியன், சந்திரன், கருவிலிருந்த பிள்ளை வரைக்கும் எல்லார்மீதும் விழுந்தது.

இரண்டு நாட்டாரின் தெய்வ சிந்தனைக்கும் உள்ள தூரத்தை இந்த இரண்டு அடிகளைக் கொண்டே அளந்துவிடலாம் என்பது என் துணிபு. டயோமிடிஸின் ஈட்டி அப்ரோடைட்டின் மணிக்கட்டில் மட்டும் பட்டது. வேறு யாருக்கும் வலிக்கவில்லை. அதனால்தான் அதீனாவால் சிரிக்க முடிந்தது. கிரேக்கத் தெய்வம் ஒரு தனி ஆள். அதற்கு ஒரு தோல் உண்டு; அந்தத் தோலுக்கு வெளியே இருப்பது வேறு. நம் சொக்கன் தனி ஆள் அல்லன். கூலியாளாக வேஷம் போட்டு எவ்வளவு அழகாக நடித்தாலும், ஒரே அடியில் வேஷம் கலைந்துவிடுகிறது. தனி ஆளைக் கதாபாத்திரமாக்குவது சுலபம். எங்கும் நிறைந்த ஒன்றைப் பாத்திரமாக்கப் போனால், கதை பாதியிலேயே பாட்டாக மாறிவிடும். நம்மிடம் தெய்வத்தைப் பற்றிய பாட்டு இவ்வளவு இருந்தும், தெய்வம் பாத்திரமாக நடமாடும் கதை குறைவாக இருப்பதற்குக் காரணம் நம் கற்பனை வறட்சி அல்ல.

தனி ஆள் என்றேன், சொத்தும் தனிதான். பதினைந்தாம் காண்டத்தில் ஸியூஸ் தன் தம்பி பொஸைடனைப் போர்க்களத்தைவிட்டு விலகச் சொல்லி ஆள் அனுப்புகிறான். பொஸைடனுக்கு வரும் கோபத்தைப் பாருங்கள். 'நாங்கள் மூன்று பேரும் ஒரு தகப்பனுக்குப் பிறந்தவர்கள். சீட்டுப் போட்டுப் பாகம் பிரித்துக்கொண்டோம். எனக்குக் கடல், ஹேடிஸுக்குப் பாதாளம், அவனுக்கு வானம். பூமியும் ஒலிம்பஸ் மலையும் மூவருக்கும் பொது. அவன் பங்கோடு அவன் இருக்கட்டும். அதிகாரம் செய்வதானால் தான் பெற்ற பிள்ளைகளிடம் செய்யட்டும்' என்கிறான். கடைசியில் முணுமுணுத்துக்கொண்டே கடலுக்குள் போய்விடுகிறான். நம் ஊரில் பொதுக் கிணற்றுக்கும் களத்துமேட்டுக்கும் நடக்கும் வழக்கு அப்படியே இதில் இருக்கிறது. தொல்காப்பியரும் காட்டை மாயோனுக்கும், மலையைச் சேயோனுக்கும், வயலை வேந்தனுக்கும், கடற்கரையை வருணனுக்கும் வகுத்திருக்கிறார். ஆனால் அங்கே தகராறு இல்லை. நிலம் இருக்கிறது, அதற்குரிய தெய்வம் இருக்கிறது, அவ்வளவுதான். தகராறு இல்லாத இடத்தில் கதாசிரியனுக்கு என்ன வேலை?

இனி முகம் சுளிப்பவர்களிடம் வருகிறேன். அவர்கள் முதலில் எடுத்துக்காட்டுவது ஒடிஸியின் எட்டாம் காண்டத்தில் வரும் வலைக் கதை. கொல்லனான ஹெபஸ்டஸ் கால் ஊனமானவன். அவன் மனைவியாக இங்கே வருபவள் அப்ரோடைட். அவளுக்கும் போர்த் தெய்வமான ஏரிஸுக்கும் கள்ள உறவு. ஹெபஸ்டஸ் கண்ணுக்குத் தெரியாத இரும்பு வலையைப் பின்னிக் கட்டிலைச் சுற்றிக் கட்டி, இருவரையும் ஒன்றாகப் பிடித்துவிட்டு, தேவர்களையெல்லாம் கூவி அழைக்கிறான். தேவியர் நாணத்தால் வீட்டோடு இருந்துவிட, தேவர்கள் வாசலில் நின்று சிரிக்கிறார்கள். பெண்ணுக்காகத் தான் கொடுத்த பரிசத்தை மாமனார் திருப்பித் தரவேண்டும் என்கிறான் கொல்லன். சிரிக்காதவன் பொஸைடன் ஒருவன்தான். 'ஏரிஸ் அபராதம் கட்டாவிட்டால் நான் கட்டுகிறேன்' என்று அவன் ஜாமீன் நின்ற பிறகே வலை அவிழ்கிறது.

இதைக் கேட்டு முகம் சுளிப்பவர் நம் அகலிகை கதையை மறந்துவிட்டாரா? இந்திரன் பூனையாக ஓடியதையும் அகலிகை கல்லானதையும் திருப்பரங்குன்றத்துச் சித்திரங்களாகக் கண்டு நின்றவர்களைப் பரிபாடலே காட்டுகிறது. கோயிலுக்குப் போன இடத்தில் இதைப் பார்த்து ஒருவருக்கொருவர் விளக்கம் சொல்லிக்கொண்டிருக்கிறார்கள்! குற்றம் இரண்டு நாட்டுக் கதைகளிலும் ஒன்றுதான். பிறகு நடப்பதுதான் வேறு. கிரேக்கத்தில் சிரிப்பும் அபராதமும். இங்கே சாபம். அங்கே பாவம் ஒரு கடன். யாராவது ஜாமீன் நின்றால் தீர்ந்துவிடும். இங்கே அது உடம்பிலேயே எழுதப்படுகிறது. ஒருத்தி கல்லாகிறாள், ஒருவன் மேனியெல்லாம் அடையாளம் சுமக்கிறான். ஒழுக்கம் பற்றிக் கவலைப்பட்டவர்கள் நாம் மட்டுமல்ல என்பதையும் சொல்லிவிட வேண்டும். இப்படிப்பட்ட கதைகளைத் தன் லட்சிய ராஜ்யத்தில் இளைஞர்கள் கேட்கக்கூடாது என்று பிளேட்டோவே விலக்கினார். நம் முகம் சுளிப்பவர்கள் பிளேட்டோவின் கட்சியில் சேர்ந்துகொள்வதில் எனக்கு ஆட்சேபம் இல்லை; அது இந்தியக் கட்சி என்று சொல்லிக்கொள்வதில்தான் ஆட்சேபம்.

நம் தேவர்களுள் கிரேக்கத் தேவர்களுக்கு மிகவும் நெருங்கியவன் இந்திரன். பொறாமை, பயம், பெண்ணாசை, பதவி போய்விடுமோ என்ற ஓயாத நடுக்கம் என்று ஒரு நாவலுக்கு வேண்டிய குணங்கள் எல்லாம் அவனிடம் இருக்கின்றன. காவிரிப்பூம்பட்டினத்தில் அவனுக்குப் பெருவிழா எடுத்ததைச் சிலப்பதிகாரம் பாடுகிறது. அந்த விழாவை மறந்ததால் கடல் ஊரைக் கொண்டது என்கிறது மணிமேகலை. இன்று தமிழ்நாட்டில் இந்திரனுக்கு விழா எங்கே? கதைகளில் மட்டும் அவன் சௌக்கியமாக இருக்கிறான். முழுப் பாத்திரமாகிவிட்ட தெய்வத்துக்குப் பூசை நிற்கிறதா, பூசை நின்ற தெய்வம் முழுப் பாத்திரமாகிறதா, எது முன், எது பின் என்று நான் அடித்துச் சொல்லமாட்டேன். இரண்டுக்கும் சம்பந்தம் உண்டு என்பதில் மட்டும் எனக்குச் சந்தேகம் இல்லை.

பூசை நின்ற தெய்வங்களின் பெயர்கள் எங்கே போய்ச் சேருகின்றன என்பதற்குக் கிரேக்கத்துக்குப் போகவேண்டாம், ஒரகடம் பக்கம் போனால் போதும். வண்டலூரிலிருந்து வாலாஜாபாத் போகும் சாலையில், படப்பை தாண்டி, ஒரகடத்துக்கு முன்னால் சேரப்பணஞ்சேரி. உறவுக்காரர்கள் இருப்பதால் நான் அடிக்கடி போகும் ஊர். அங்கே வீமீஸ்வரர் என்ற பெயரில் சிவன் குடியிருக்கிறார். யானையின் பின்புறம் போல வளைந்த விமானம். தூங்கானை மாடம் என்று நம்மவர்கள் சொன்ன வகை. அந்தப் பெயரைக் கேட்டாலே எனக்குப் பீமன் நினைவு வரும். பீமனை நினைத்தால், அவனைப்போலவே கதையைத் தோளில் சாத்திக்கொண்டு ஆளுக்கு ஒரு மாடு தின்னக்கூடிய ஹெரக்கிளிஸ் நினைவு வரும். (அம்பத்தூரில் செய்த ஹெர்குலிஸ் சைக்கிளில் பள்ளிக்குப் போனவர்கள் அவனை ஓட்டிக்கொண்டுதான் போனார்கள்.)

இந்த ஊரைச் சுற்றிச் சிப்காட் வந்து, ஏரிப் பாசனத்தில் நெல் விளைந்த நிலங்களில் பெரிய பெரிய தொழிற்சாலைகள் எழுந்திருக்கின்றன. ஒரகடத்தில் டயர் செய்யும் தொழிற்சாலைக்குப் பெயர் அப்பல்லோ. ரோட்டோரத்துப் பஞ்சர் கடைப் பலகையில் 'வல்கனைசிங்' என்று எழுதியிருக்கிறது. வல்கன் என்பது ரோமர்கள் ஹெபஸ்டஸுக்கு வழங்கிய பெயர். ரப்பரைக் கந்தகத்தோடு சேர்த்துக் காய்ச்சிக் கெட்டியாக்கும் முறைக்குச் சார்லஸ் குட்இயர் 1844-ல் அமெரிக்காவில் உரிமம் பெற்றார். நெருப்பும் கந்தகமும் சம்பந்தப்பட்டதால் கொல்லத் தெய்வத்தின் பெயர் அதற்கு வந்து ஒட்டிக்கொண்டது. தேவர்களுக்குள்ளே கையால் வேலை செய்து வேர்வை சிந்தும் ஒரே தேவன் ஹெபஸ்டஸ்தான். மற்றவர்களுக்கு மாளிகை, தேர், ஆயுதம் எல்லாம் செய்து கொடுத்துவிட்டு, அவர்களுக்கு மது ஊற்றிக் கொடுக்க நொண்டி நொண்டி நடக்கையில் அவர்களிடமே சிரிப்பும் வாங்கிக் கட்டிக்கொள்வான். ஷிப்டு மாறும் நேரத்தில் அந்தச் சாலையில் நின்று பார்த்தவர்களுக்கு இந்தத் தெய்வத்தைப் புரிந்துகொள்வதில் கஷ்டம் இருக்காது.

நான் அந்தப் பலகையையே பார்த்துக்கொண்டு நின்றதைக் கண்ட கடைக்காரர், "என்ன சார், எழுத்துப் பிழையா?" என்றார்.

"இல்லேப்பா. அது ஒரு சாமி பேரு."

"அப்படியா! யாருக்குங்க குலசாமி?"

"இப்போ யாருக்கும் இல்லை."

அவர் டியூபைத் தண்ணீரில் அமுக்கிக் குமிழி பார்த்துக்கொண்டே, "பாவம்" என்றார்.

அப்பல்லோ விஷயம் இன்னும் சுவையானது. நம் நாட்டில் அந்தப் பெயரைக் கேட்டதும் டயருக்கு முன்னால் ஆஸ்பத்திரி நினைவு வரும். ஆனால் இலியட் தொடங்குவதே அப்பல்லோ அனுப்பும் கொள்ளைநோயோடுதான். தன் பூசாரியை அவமதித்துவிட்டார்கள் என்ற கோபத்தில் இரவைப்போல இறங்கி வந்து, கப்பல்களுக்கு எதிரே உட்கார்ந்து, முதலில் கோவேறு கழுதைகள் மேலும் நாய்கள் மேலும், பிறகு மனிதர்கள் மேலும் அம்பு விடுகிறான். ஒன்பது நாள் பிணம் எரிகிறது. பலியிட்டு, பாட்டுப் பாடிக் குளிர்வித்த பிறகே நோய் நிற்கிறது. மேல்நாட்டு உரையாசிரியர்கள் நோயைத் தருபவனே தீர்ப்பவனாகவும் இருப்பதை ஒரு விசித்திரம் போல விளக்குவார்கள். மாரியம்மனை அறிந்த நமக்கு இதில் விளக்க என்ன இருக்கிறது? முத்துப் போடுகிறவளும் அவள், முத்தை இறக்குகிறவளும் அவள். வேப்பிலை, கூழ், நீர்மோர், 'தாயே, குளிர்ந்து போ' என்ற வேண்டுதல். ஹோமரின் முதல் காண்டத்தைத் தமிழ்க் கிராமத்துக் கிழவி ஒருத்திக்குப் படித்துக் காட்டினால், ஆக்ஸ்போர்டு பேராசிரியரைவிட அவள் சீக்கிரம் தலையை ஆட்டுவாள்.

ஆனால் பெரியம்மை உலகைவிட்டே ஒழிந்தது என்று 1980-ல் உலகச் சுகாதார நிறுவனம் அறிவித்த பிறகும் மாரியம்மனுக்கு ஆடி மாதக் கூழ் நிற்கவில்லை. அவளுக்கு நோய் ஒரு தொழில் அல்ல. அவள் ஊருக்குச் சொந்தம். அப்பல்லோவின் கோயில்களோ 391, 392-ல் தியோடோசியஸ் சக்கரவர்த்தி பலிகளையும் வழிபாட்டையும் தடுத்த பிறகு மெல்ல மெல்ல அடைபட்டுப் போயின. சட்டம் ஒன்றினால் மட்டும் தெய்வங்கள் சாவதில்லை என்றுதான் நினைக்கிறேன். அதற்குப் பல நூற்றாண்டுகள் முன்பே அவை கவிஞர்களின் உடைமையாகிவிட்டிருந்தன.

இந்த இடத்தில் வ. வே. சு. ஐயரைக் குறிப்பிடாமல் போக முடியாது. கம்பனை ஹோமர், விர்ஜில், மில்டன் ஆகியோரோடு ஒரே தராசில் வைத்து ஆங்கிலத்தில் அவர் எழுதிய கம்பராமாயண ஆராய்ச்சி, பெல்லாரிச் சிறையில் உருவாகி, அவர் மறைந்து கால் நூற்றாண்டு கழித்து, 1950-ல் டில்லித் தமிழ்ச் சங்கத்தின் வாயிலாக வெளிவந்தது. துப்பாக்கியையும் ஹோமரையும் ஒரே கையால் எடுத்தவர் அவர். அவருடைய ரசனையைப் பற்றி எனக்கு வணக்கம் தவிர வேறில்லை. உவமை, போர் வர்ணனை, பாத்திரங்களின் பேச்சு என்று பார்த்தால் அந்தத் தராசு நேராகவே நிற்கிறது. தெய்வங்கள் என்று வரும்போது அது நிற்காது என்பதே என் கட்சி. ஹோமரில் தேவர்கள் மேலே உட்கார்ந்து விளையாட்டுப் பார்ப்பவர்கள்; சாகப்போகிறவன் மனிதன். பெருமையும் அவனுக்கே. கம்பனில் கடவுளே மனிதனாக இறங்கி வந்து, மனைவியை இழந்து காட்டில் அழுகிறான். அழுகிறவன் கடவுள் என்பதை நாம் மறந்தால்தான் கதை நடக்கும். மறக்காமல் இருந்தால்தான் பக்தி நடக்கும். இந்த இரண்டு கயிற்றிலும் ஒரே சமயத்தில் கம்பன் நடக்கிறானே, அந்த வித்தைக்கு ஹோமரிடம் ஒப்பு இல்லை. ஹோமருக்கு அந்தச் சங்கடமே கிடையாது. வேறு வேறு சங்கடங்களை அனுபவித்த இருவருக்கு ஒரே தேர்வு வைத்து மார்க்குப் போடுவது சரியல்ல.

தமிழ் வசனத்தில் கிரேக்க முறையில் ஒரு தெய்வத்தை நடமாட விட்டவர் புதுமைப்பித்தன் ஒருவரே என்று சொல்லத் தோன்றுகிறது. 'கடவுளும் கந்தசாமிப் பிள்ளையும்' கதையில் பிராட்வே முனையில் வந்து நின்று திருவல்லிக்கேணிக்கு வழி கேட்கிறார் கடவுள். ஓட்டலில் காபி குடிக்கிறார். நூறு ரூபாய் நோட்டை நீட்டிச் சந்தேகத்துக்கு ஆளாகிறார். வரம் கொடுக்க வருகிற அவரிடம், வைத்தியப் பத்திரிகைக்கு ஜீவிய சந்தா கேட்கிறார் பிள்ளை. ஆடல்வல்லானின் ஆட்டம் சென்னைப் பெரிய மனிதர் ஒருவர் முன்னே தோற்றுப் போகிறது. இந்தக் கடவுளுக்குத் தோல் இருக்கிறது; அவமானம் அவருக்கு மட்டும் படுகிறது; பிரம்படி போல நம் எல்லார் முதுகிலும் விழுவதில்லை. ஆகவே நாம் சிரிக்கிறோம். 'சாபவிமோச'னத்திலோ அவரே நேர்மாறாகச் செய்கிறார். அங்கே சிரிப்பு இல்லை. சீதையைத் தீக்குளிக்கச் சொன்ன செய்தி கேட்டு அகலிகை மறுபடியும் கல்லாகிறாளே, அது சீதைக்கு விழுந்த அடி இவள் மேலும் படுவது. பழைய மதுரை முறைதான். ஒரே ஆசிரியர் இரண்டு முறைகளையும் கையாண்டு இரண்டிலும் வெற்றி பெற்றது சாமான்ய விஷயமல்ல. இவ்வளவுக்கும் அவரைக் குறும்புக்காரர் என்று மட்டும் சொல்லிவிட்டுப் போகிற விமரிசகர்கள் நம்மிடையே இருக்கிறார்கள்.

எனக்கு இதெல்லாம் வெறும் ஆராய்ச்சி அல்ல. ஒரகடம் பக்கத்துக் கிராமம் ஒன்றைக் கற்பனை செய்து நான் எழுதிக்கொண்டிருக்கும் நாவலில் ஓர் எல்லையம்மன் வருகிறாள். அவள் காவல் காத்த எல்லையே கம்பி வேலிக்குள் போய்விட்டது. அவள் பேசவேண்டும். அவளைக் கிரேக்க முறையில் பேச வைத்தால் கோபக்காரக் கிழவி ஒருத்தி கிடைக்கிறாள், சுவாரஸ்யமாகவும் இருக்கிறாள், ஆனால் அம்மன் போய்விடுகிறாள். நம் முறையில் மௌனமாக விட்டால் அம்மன் இருக்கிறாள். அத்தியாயம் நகரமாட்டேன் என்கிறது.

இலியட்டின் பதினாறாம் காண்டத்தை இந்த மாதம் மறுபடியும் எடுத்தது இதற்காகத்தான். ஸியூஸின் மகன் ஸார்ப்பிடன் சாகும் நேரம். காப்பாற்றிவிடலாமா என்று தகப்பனுக்கு ஆசை. ஹீரா தடுக்கிறாள். 'நீ உன் பிள்ளையை எடுத்துக்கொண்டால் ஒவ்வொரு தேவனும் தன் தன் பிள்ளையை எடுத்துக்கொள்வான். அவனைச் சாகவிடு, பிறகு தூக்கமும் மரணமும் அவனைச் சொந்த நாட்டுக்குச் சுமந்து போகட்டும்' என்கிறாள். ஸியூஸ் பதில் பேசவில்லை. பூமியின் மேல் ரத்தத் துளிகளை மழையாகப் பெய்விக்கிறான். அந்த இடத்தில் மட்டும் கிரேக்கத் தெய்வத்தின் தோல் கிழிந்து, உள்ளே இருப்பது வெளியே, எல்லார் மேலும் விழுகிறது. அந்த மழைக்கு முன்னால் ஸியூஸ் எத்தனை வார்த்தை பேசினான் என்று எண்ணிக்கொண்டிருக்கிறேன். மிகவும் கொஞ்சம்.